வேலியா, வாயிலா?

அரபு மொழியில் ‘குர்பத்’ என்றொரு சொல் உண்டு. அயல்மண்ணில் அந்நியராய் வாழும் நிலையை அது குறிக்கும். மேற்குத் திசையைச் சுட்டும் ‘கர்ப்’, கதிரவன் மறையும் ‘மக்ரிப்’, அந்நியனைக் குறிக்கும் ‘கரீப்’ ஆகிய யாவும் அதே வேரிலிருந்து கிளைத்தவை. மாணவர்க்கு இச்சொற்களைப் பல்லாண்டு கற்பித்த நமக்கு, அவற்றின் பொருளைப் பதினைந்து நிமிடப் படமொன்று புதிதாய்க் கற்பித்தது.

அதனை ஆக்கியவர் மோனா ஹாத்தூம். பலஸ்தீனப் பெற்றோர்க்கு 1952இல் பெய்ரூத்தில் பிறந்தவர். 1975இல் சிறு பயணமாக லண்டன் சென்றார். லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டது. திரும்பும் வழி அடைபட்டது. பெற்றோர் முன்பே இழந்த தாயகத்தை மகள் வேறு வகையில் இழந்தார்.

1985இல் லண்டனின் பிரிக்ஸ்டன் வீதிகளில் அவர் வெறுங்காலோடு நடந்தார். காவலர் அணியும் வகையான கனத்த பூட்ஸுகள் கணுக்கால்களில் கட்டப்பட்டுப் பின்னே இழுபட்டன. அந்நியரை அதிகாரம் அடியொற்றித் தொடர்வதை உரைக்க அவருக்கு ஒரு சொல்லும் தேவைப்படவில்லை.

நாம் கூறும் படம் 1988இல் ஆக்கப்பட்டது. ‘தொலைவின் அளவைகள்’ என்பது அதன் பெயரின் பொருள். தாய் பெய்ரூத்திலிருந்து எழுதிய கடிதங்களின் அரபு வரிகள் திரையெங்கும் படர்ந்திருக்கின்றன. பின்னணியில் தாயும் மகளும் அரபியில் பேசிச் சிரிக்க, மகள் அக்கடிதங்களை ஆங்கிலத்தில் வாசிக்கிறார். இறுதிக் கடிதத்தில், அஞ்சலகம் குண்டுவெடிப்பில் அழிந்துபோன செய்தி வருகிறது.

வரிகளுக்குப் பின்னே தெரிவது குளியலறையில் எடுக்கப்பட்ட தாயின் உருவம். தாய் இசைந்ததும் தந்தை வெறுத்ததும் கடிதங்களிலேயே வருகின்றன. ஹயாவை ஈமானின் கிளையெனக் கற்ற நாம் இதனை ஒப்ப இயலாது. பார்வையைத் தாழ்த்திக்கொண்டோம், செவியை மூடவில்லை.

திரையில் படர்ந்த அவ்வெழுத்தை முள்கம்பி வேலிக்கு ஒப்பிடுவர் விமரிசகர். அரபு அறியாதார்க்கு அது வேலிதான். அறிந்தவர்க்கோ ஒரு தாயின் வாசல். மரபின் நிலையும் இதுவே: படிக்கத் தெரிந்த தலைமுறைக்கு அது திறக்கும், தெரியாத தலைமுறைக்கு அழகிய தடுப்பாய் நிற்கும்.

நம் வீட்டு நிகழ்ச்சியொன்று இதனை மெய்ப்பித்தது. பினாங்கிலிருந்த பாட்டனார்க்குப் பாட்டியார் அரபுத்தமிழில் எழுதிய கடிதங்கள் சில நம் பெட்டியில் உள்ளன. அண்மையில் இளைய மகன் அவற்றுள் ஒன்றை எடுத்து, குர்ஆன் வசனமென எண்ணி முத்தமிட்டுக் கண்களில் ஒற்றிக்கொண்டான். மழை பொய்த்ததையும், ஆடு குட்டி ஈன்றதையும், பணம் வந்து சேராததையும் சொல்லும் கடிதம் அது!

அவன் அறியாமைக்கு நாமே பொறுப்பு. ஊரார் பிள்ளைகளுக்கு ஓதிக்கொடுத்த நாம், பாட்டியின் கையெழுத்தைப் பேரனுக்குக் காட்டவில்லை. அன்று மக்ரிபுக்குப் பின் அவனை அருகிருத்தி, முதல் வரியை எழுத்துக்கூட்டச் சொன்னோம். தயங்கித் தயங்கி ஓதியவன் சட்டென நிமிர்ந்தான்.

“வாப்பா, இது தமிழல்லவா!”