மஸ்தான் தந்த பெயர்

பாலாற்றுக் கரையோரம் – 6

ஆம்பூரில் பெயர்ப்பலகைகளைப் படித்துக்கொண்டே நடந்தால் குடும்ப வரலாறுகள் கிடைக்கும். தோல் மண்டி, ஷூ கம்பெனி, பள்ளிக்கூடம், அறக்கட்டளை என்று எதன் முகப்பிலும் ஓர் ஆளின் பெயர் இருக்கிறது. அதற்கு முன்னால் இரண்டு மூன்று எழுத்துகள். அந்த எழுத்துகளை விரித்துச் சொல்லச் சொன்னால் தகப்பனார், பாட்டனார் என்று கதை பின்னோக்கிப் போகும். சென்ற வாரம் எழுதிய உமராபாத்தில் ஊரே ஒருவர் பெயரில் இருக்கிறது. காகா முகம்மது உமர் 1924இல் ஜாமியா தாருஸ்ஸலாம் அரபிக் கல்லூரியைத் தொடங்கிய இடம் அது.

பஜாருக்குப் பின்னால் ஒரு மண்டியில் பெரியவர் ஒருவர் பதனிட்ட ஆட்டுத்தோல்களை வெளிச்சத்தில் விரித்துத் தரம் பிரித்துக்கொண்டிருந்தார். விரலால் ஒருமுறை நீவுவார். இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று என்று போடுவார். ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுப் பதனிட்ட காலத்துத் தோலின் வாசனையைப் பற்றி அவர் பேசினால் கேட்டுக்கொண்டே இருக்கலாம். அன்று அவர் மனம் வேறெங்கோ இருந்தது. மகளுக்கு ஆண் குழந்தை பிறந்திருந்தது. பிறந்த உடனே வலது காதில் பாங்கு சொல்லியாயிற்று. ஏழாம் நாள் அகீகா. பெயர் முடிவாகவில்லை.

"என்ன பேரு வெக்கப் போறீங்க பாய்?"

"மாப்பிள்ளை திப்பு சுல்தான்னு வெக்கணும்ங்கிறாரு. புலி மாதிரி வளரணுமாம். வெக்கட்டும் தம்பி, நல்ல பேருதான். ஆனா அது ராஜா பேரு இல்ல. ஆற்காட்டுல அடங்கியிருக்காரே மஸ்தான் அவுலியா, அவரு பேரு. ராஜாவுக்கே அவருகிட்டேருந்துதான் வந்துச்சு. மொதல்ல அங்க போயி சலாம் சொல்லிட்டு வாங்கன்னு சொல்லியிருக்கேன்."

என் பயணத் திட்டத்தில் ஆற்காடு கடைசியில் இருந்தது. அதை முன்னுக்குக் கொண்டுவந்தேன். போகிற வழியில் வேலூர்க் கோட்டையைப் பார்க்காமல் இந்தப் பெயரின் கதை முழுமையாகாது என்பதால் முதலில் அங்கே இறங்கினேன்.

வேலூர்க் கோட்டைக்குள் போகிறவர்கள் பெரும்பாலும் நேரே ஜலகண்டேசுவரர் கோயிலுக்குப் போய், கல்யாண மண்டபத்துத் தூண்களைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். பார்க்க வேண்டிய மண்டபம்தான். ஆனால் எனக்கு இந்தக் கோட்டை பெயர்களின் சிறைச்சாலையாகத் தெரிகிறது. கண்டியின் கடைசி அரசன் ஸ்ரீவிக்கிரம ராஜசிங்கன் 1816 முதல் 1832இல் இறக்கும்வரை இங்கேதான் கைதியாக இருந்தான். அவனுக்குப் பெற்றோர் வைத்த பெயர் கண்ணுசாமி. அவனுக்கு முன்பு இங்கே அடைபட்டவர்கள் திப்புவின் மனைவியரும் மக்களும். 1799 மே 4ஆம் தேதி ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்பு சுல்தான் போரில் இறந்த பிறகு குடும்பத்தை அந்த மண்ணில் விட்டுவைக்க ஆங்கிலேயருக்குத் துணிவில்லை. இங்கே கொண்டுவந்து வைத்தார்கள். ஹைதர் மஹால், திப்பு மஹால் என்று இன்றும் கட்டடங்களுக்குப் பெயர் இருக்கிறது. ஹைதரோ திப்புவோ அவற்றில் வாழ்ந்ததில்லை. அவர்கள் பெயரைச் சுமந்தவர்கள் காவலில் கிடந்த இடங்கள் அவை.

1806 ஜூலை 10 விடியற்காலையில் இந்தக் கோட்டையில் நடந்த சிப்பாய்க் கலகம் பள்ளிக்கூடத்துப் புத்தகத்தில் நாலு வரியில் முடிந்துவிடும். அதன் மூலகாரணங்களில் ஒன்று தோல் என்பதை இந்தத் தோல் சீமையில் நின்று சொல்லாமல் எப்படி? சென்னைப் படையின் தலைமைத் தளபதி சர் ஜான் கிராடக் சிப்பாய்களின் தலைப்பாகைக்குப் பதிலாக ஒரு புதுத் தொப்பியைக் கொண்டுவந்தார். அதில் தோலால் செய்த அணி ஒன்று இருந்தது. நெற்றியில் குறி கூடாது, தாடி கூடாது, மீசையை அளவாக வெட்ட வேண்டும் என்றும் உத்தரவு. தொப்பியில் இருப்பது மாட்டுத்தோலா பன்றித்தோலா என்று சிப்பாய்கள் கேட்டார்கள். ஆம்பூர்ப் பெரியவர் விரலால் நீவியே பதில் சொல்லியிருப்பார். அன்று கேட்டவர்களுக்குக் கிடைத்தது தண்டனை. அந்த ஆண்டு மே மாதம் எதிர்ப்புக் காட்டியவர்களில் ஓர் இந்துவுக்கும் ஒரு முஸ்லிமுக்கும் ஆளுக்கு 90 கசையடி. வெள்ளைக்காரனையே 'தொப்பிக்காரன்' என்று அழைத்த நாட்டில், தொப்பியைத் தலையில் வைப்பது மதம் மாற்றும் வேலை என்று அவர்கள் நினைத்ததில் என்ன வியப்பு!

ஜூலை 9 அன்று கோட்டைக்குள் திப்புவின் மகள் ஒருத்திக்குத் திருமணம். மறுநாள் பொழுது விடியுமுன் சிப்பாய்கள் எழுந்தார்கள். கோட்டைத் தலைவர் கர்னல் ஃபேன்கோர்ட் கொல்லப்பட்டார். ஆங்கிலேயர் தரப்பில் இறந்தவர்களும் காயம்பட்டவர்களுமாக ஏறத்தாழ 200 பேர். மைசூர்க் கொடி ஏறியது. திப்புவின் மூத்த மகன் ஃபதே ஹைதரை அரசன் என்று அறிவித்தார்கள். சில மணி நேரம்தான். வெளியே இருந்த அதிகாரி ஒருவர் ஆற்காட்டுக்கு ஆள் அனுப்பிவிட்டார். அங்கிருந்து குதிரைப்படையோடு பாய்ந்து வந்தவர் கர்னல் ரோலோ கில்லெஸ்பி. மதில்மேல் ஒண்டிக்கொண்டிருந்த ஆங்கிலச் சிப்பாய்கள் இறக்கிய கயிற்றைப் பிடித்து அவர் ஏறினார். பிறகு பீரங்கிகள் வந்து வாசலைத் தகர்த்தன. அதன் பின் நடந்தது பழிவாங்கல். அரண்மனையில் ஒளிந்திருந்த சிப்பாய்கள் ஏறத்தாழ 100 பேரை இழுத்துவந்து சுவரோரம் நிறுத்திச் சுட்டார்கள். இந்தியர் தரப்பில் இறந்தவர்கள் 350 பேருக்குக் குறையாது. விசாரணைக்குப் பிறகு 6 பேரைப் பீரங்கி வாயில் கட்டிச் சிதறடித்தார்கள். அந்தச் சுவர்களுக்கு நடுவே நிற்கும்போது கோபம் வருகிறது. வர வேண்டும் என்றுதான் நினைக்கிறேன்.

இந்தக் கில்லெஸ்பி அயர்லாந்துக்காரர். அங்கே டவுன் மாவட்டத்தில் கோம்பர் என்ற சிற்றூரில் 1766இல் பிறந்தவர். அந்த ஊர்ச் சதுக்கத்தில் உயரமான தூண்மேல் அவருடைய சிலை 1845 முதல் நிற்கிறது. அவர் பெயரைத் துருவிக்கொண்டு போனதில் எனக்கு ஒரு செய்தி கிடைத்தது; அதற்குப் பிறகு இந்தக் கோட்டையை நான் வேறு விதமாகப் பார்க்கிறேன்.

கில்லெஸ்பி என்பது முதலில் குடும்பப் பெயர் இல்லை. கெய்லிக் பேசிய அயர்லாந்திலும் ஸ்காட்லாந்திலும் ஆண் குழந்தைகளுக்கு வைத்த பழம்பெயர் அது: கில்லா அஸ்பிக். 'கில்லா' என்றால் ஏவலாள், அடியவன். 'அஸ்பிக்' ஆயரைக் குறிக்கும். ஆயருக்கு அடியான். இந்த வகைப் பெயர்கள் அங்கே ஒரு பெரிய குடும்பமாகவே இருந்தன. கில்கிறிஸ்ட் கிறிஸ்துவின் அடியான், கில்பிரைட் புனித பிரிஜித்தின் அடியான், கில்லீஸ் இயேசுவின் அடியான். தங்கள் நாட்டின் தலையாய புனிதர் பேட்ரிக்கின் பெயரைப் பழைய அயர்லாந்துக்காரர்கள் பிள்ளைக்கு நேராக வைப்பதில்லை. மரியாதைக் குறைவு என்று கூசினார்கள். கில்லா பாட்ரிக், பேட்ரிக்கின் அடியான், என்றே வைத்தார்கள். பேட்ரிக் என்று வெறுமனே வைக்கும் துணிச்சல் பல நூற்றாண்டுகள் கழித்துத்தான் வந்தது. இன்று நம் ஊர்க் கத்தோலிக்கர் வீடுகளில்கூடப் பேட்ரிக் என்ற பிள்ளைகள் இருக்கிறார்கள். அந்தப் பழைய கூச்சம் அவர்களுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பில்லை.

நமக்கு இது புதிதா? அப்துல் காதர், குலாம் முகம்மது, யேசுவடியான், இராமதாசன் எல்லாம் இதே கையால் எழுதிய பெயர்கள். திப்புவின் கடைசி மகன் பெயரே குலாம் முகம்மதுதான், முகம்மதின் ஊழியன். 1806க்குப் பிறகு குடும்பத்தை இந்தக் கோட்டையிலிருந்தும் பெயர்த்துக் கல்கத்தாவுக்கு அனுப்பினார்கள். அங்கே வளர்ந்த குலாம் முகம்மது, 1842இல் நகரின் நடுவே ஒரு பள்ளிவாசலைத் தகப்பனார் பெயரில் கட்டி முடித்தார். மதிலுக்கு உள்ளே ஓர் அடியவன் பெயர். கயிற்றைப் பிடித்து மேலே ஏறி வந்ததும் ஓர் அடியவன் பெயர். அந்தப் பெயர்களை முதன்முதலில் சூட்டிய தாய்மார்கள் இருவரும் ஒன்றையேதான் வேண்டியிருப்பார்கள். பிள்ளை ஒரு பெரியவரின் காலடியில் பத்திரமாக இருக்கட்டும், அவ்வளவுதான்.

வேலூரிலிருந்து ஆற்காடு ஏறத்தாழ 25 கிலோமீட்டர். பேருந்து மக்கான் சந்திப்பைக் கடக்கிறது. 1806இல் இறந்த சிப்பாய்களுக்கான நினைவுத்தூண் அங்கே இருக்கிறது. 1998இல் வைத்தது. பேருந்து நிற்கும் நேரத்தில் ஒரு பார்வை பார்க்கலாம். நான் இன்னொரு நாள் இறங்கி நின்று பார்த்தேன். அதைப் பின்னால் எழுதுகிறேன்.

நவாபுகளின் தலைநகராக இருந்த ஆற்காட்டில் இன்று மிஞ்சியிருப்பது கொஞ்சம். ஆற்றங்கரையில் தில்லி வாசல். அரண்மனை இருந்த இடம் இடிபாடு. 1751இல் கிளைவ் கோட்டையைப் பிடித்துக்கொண்டு முற்றுகையைத் தாங்கி நின்ற கதையை இங்கிலாந்துப் பிள்ளைகள் பல தலைமுறை படித்தார்கள். கோட்டையைத்தான் காணோம். திப்பு மஸ்தான் அவுலியாவின் தர்கா மட்டும் உயிரோடு இருக்கிறது. ஆள் வந்துகொண்டே இருக்கிறார்கள்.

மஸ்தான் என்பது இறைக்காதலில் மயங்கித் தன்னை மறந்தவரைச் சொல்லும் சொல். தமிழர்களுக்குக் குணங்குடி மஸ்தான் சாகிபுவைத் தெரியும். தொண்டிப் பக்கத்திலிருந்து வந்து சென்னையில் தங்கியவர். தொண்டியார் இருந்ததால் தண்டையார்பேட்டை ஆயிற்று என்பார்கள். அந்த வகை மனிதர்தான் ஆற்காட்டு மஸ்தானும். சொத்து, படை, பட்டம் எதுவும் இல்லாதவர். அவருடைய அடக்கத்தலத்துக்குத்தான் ஹைதர் அலியின் மனைவி ஃபாத்திமா ஃபக்ருன்னிஸா பிள்ளைவரம் கேட்டு வந்தார். ஹைதர் அன்று அரசர் இல்லை. மைசூர்ப் படையில் மேலேறிக்கொண்டிருந்த வீரர். அவருடைய தகப்பனார் ஃபதே முகம்மது இந்த ஆற்காட்டு நவாபின் படையில் ராக்கெட் பிரிவில் வேலை பார்த்தவர், ஆகவே குடும்பத்துக்கு இந்த ஊர் அந்நியமில்லை. பிள்ளை தேவனஹள்ளியில் பிறந்தது. பாட்டனாரை நினைத்து ஃபதே அலி என்றும், வேண்டுதலை நினைத்துத் திப்பு என்றும் இரண்டு பெயர் வைத்தார்கள். உலகம் எடுத்துக்கொண்டது இரண்டாவதை.

திப்பு என்றால் கன்னடத்தில் புலி என்று இன்றும் பலர் அடித்துச் சொல்கிறார்கள். கன்னடத்தில் புலிக்கு ஹுலி என்றுதான் பெயர். இந்த எண்ணம் பரவியதற்குக் காரணம் திப்புவேதான். சிம்மாசனத்தில் புலி, சிப்பாய் உடையில் புலிக்கோடு, பீரங்கி வாயில் புலிமுகம். வெள்ளைக்காரனைக் கடித்து நிற்கும் அந்த மரப்புலி இன்று லண்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஹைதர் என்றால் சிங்கம் என்பதால், சிங்கத்தின் மகன் புலி என்று சொல்ல வாய்க்கும் நன்றாக இருந்தது. அந்தப் புலியை நான் மதிக்கிறேன். ஆனாலும் அது அவர் தாமே எடுத்து அணிந்துகொண்டது. தாய் வைத்தது ஒரு ஃபக்கீரின் பெயரை.

தர்காவில் சாம்பிராணிப் புகைக்கு நடுவே, அதைப் பராமரிக்கும் முஜாவரிடம் பேசிக்கொண்டிருந்தேன். ஹைதர் 1780இல் பெரும்படையோடு வந்து ஆற்காட்டைப் பிடித்த செய்தியைச் சொன்னேன். பிள்ளை கேட்டு வந்த ஊரையே பிடித்தாரே, அப்போது இங்கே வந்து கும்பிட்டிருப்பாரா என்று கேட்டேன். 

"வராம எப்படிங்க இருப்பாரு? குடுத்த எடம் இல்லையா இது" என்றார் அவர். ஆவணம் எதையும் அவர் காட்டவில்லை. எனக்கு அது தேவைப்படவும் இல்லை.

"இப்ப திப்புன்னு பேரு வெக்கிறாங்களா?"

"சில பேரு வெக்கிறாங்க. நெறய பேரு மஸ்தான்னு வெப்பாங்க. இந்துப் புள்ளைங்களுக்கும் உண்டு. ஆந்திராப் பக்கத்துலேருந்து வர்றவங்க வீட்டுல ஆம்பளப் புள்ளைன்னா மஸ்தான், பொண்ணுன்னா மஸ்தானம்மா."

நாகூரில் நேர்ந்துகொண்டவர்கள் மதம் பாராமல் பிள்ளைக்கு நாகூர் என்று பெயர் வைப்பதை நான் தஞ்சைப் பக்கம் பார்த்திருக்கிறேன். இங்கேயும் அதுதான் நடக்கிறது. அயர்லாந்துக்காரர் புனிதரின் பெயரைத் தொடக் கூசி 'அடியான்' என்று சேர்த்துக்கொண்டார். நம் பக்கத்துத் தாய்மார்கள் புனிதரின் பெயரையே தூக்கிப் பிள்ளைக்கு வைத்து, திட்டும்போதும் கொஞ்சும்போதும் அதையே கூப்பிட்டார்கள். எனக்கு இந்த உரிமை பிடித்திருக்கிறது. அந்த உரிமையில் வளர்ந்த ஒரு பெயர்தான் ஸ்ரீரங்கப்பட்டணத்து வாசலில் வாளோடு விழுந்தது. கல்கத்தாவில் பள்ளிவாசலாக எழுந்தது. ஆற்காட்டில் கொடுத்த பெயரை அழிக்க ஆற்காட்டிலிருந்தே குதிரைப்படை கிளம்பியதை நினைத்தால் வயிறு எரிகிறது. கிராடக்கும் சென்னை கவர்னர் பெண்டிங்கும் அந்தக் கலகத்தால் பதவி இழந்து ஊர் திரும்பினார்கள், தொப்பி உத்தரவையும் கைவிட்டார்கள். கில்லெஸ்பி 1814இல் டேராடூன் அருகே கூர்க்கர்களின் கோட்டை ஒன்றைத் தாக்கப் போய்ச் சுடப்பட்டு இறந்தார்.

முஜாவர் கையில் கொஞ்சம் சர்க்கரை கொடுத்து, "எங்கேருந்து வர்றீங்க?" என்று கேட்டார். ஆம்பூரில் ஒருவர் அனுப்பினார் என்றேன். தோல்காரங்க நிறைய வருவாங்க என்றார்.

வெயில் தாழ்ந்ததும் பாலாற்றுப் பாலத்தில் நடந்து எதிர்க்கரைக்குப் போனேன். அங்கே ராணிப்பேட்டை. தேசிங்குராஜனோடு தீக்குளித்த அவனுடைய இளம் மனைவியின் நினைவாக, அவனை வென்ற ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கானே அமைத்த ஊர் என்று சொல்லும் ஊர். எதிரியின் மனைவிக்கு ஊர்ப்பெயர் வைத்த கதையையும், அந்த ஊரின் தோல் தொழிற்சாலைகளையும் அடுத்த வாரம் பார்க்கலாம்.