காத்திவாக்கத்துத் தெற்கு வானில் ஒரு குள்ள கேலக்ஸி

டிசம்பர் மாத நடுநிசியில் காத்திவாக்கம் கடற்கரையில் தெற்கு பார்த்து நின்று, கையை நீட்டி, முஷ்டியைத் தொடுவானத்தின் மேல் வையுங்கள். அந்த முஷ்டி உயரத்துக்குள், சுமார் 7 டிகிரியில், ஒரு கேலக்ஸியே இருக்கிறது. பெயர் பெரிய மகெல்லன் மேகம். தெரிகிறதா? தெரியாது! தெற்கேதான் திருவொற்றியூர், ராயபுரம், துறைமுகம், அதற்கப்பால் மொத்த சென்னை. போதாததற்கு நங்கூரம் போட்டுக் காத்திருக்கும் கப்பல்களின் விளக்குகள் வேறு. 2017-ல் எண்ணூர் அனல்மின் நிலையத்தை மூடியும் வானம் இருட்டிவிடவில்லை.

பெயரில்தான் 'பெரிய'. பால்வீதியின் அகலம் 1 லட்சம் ஒளியாண்டு என்றால் இது சுமார் 30 ஆயிரம்தான். அழகான சுருள் கைகள் கிடையாது. நடுவில் ஒரு பட்டை, அதுவும் மையம் விட்டு விலகி. பால்வீதி ஒரு பக்கம், சிறிய மகெல்லன் மேகம் ஒரு பக்கம் என்று இழுத்தால் உருவம் எப்படி ஒழுங்காக இருக்கும்? அதனால்தான் வெகுகாலம் இதை ஒழுங்கற்ற கேலக்ஸிகளோடு சேர்த்தார்கள். ஆனால் ஏழை இல்லை. முதலைக் கரைக்காத வியாபாரி மாதிரி வாயுவை நிறைய கைவசம் வைத்திருக்கிறது. டாரண்டுலா நெபுலாவில் இன்றும் அதிலிருந்து நட்சத்திரங்கள் பிறக்கின்றன.

அப்படிப் பிறக்கும் ராட்சத நட்சத்திரங்களுக்கு ஆயுசு குறைவு. அதில் ஒன்று வெடித்ததை 1987 பிப்ரவரி 24-ல் சிலி நாட்டில் பார்த்தார்கள். ஓரிரு நாளிலேயே நம் ஜவ்வாது மலைக் காவலூரிலும் அதன் ஒளியைப் பிரித்துப் பதிவு செய்தார்கள். தென்வானம் தெரிய வேண்டும் என்றே வைணு பாப்பு தேர்ந்தெடுத்த இடம் அது. வேடிக்கை என்னவென்றால், அங்கேயும் அந்தக் கேலக்ஸி ஏறுவது சுமார் 8 டிகிரிதான்! காத்திவாக்கத்தில் இல்லாதது இருட்டு மட்டும்.

ஆனால் வெடிப்பின் நியூட்ரினோக்களை எந்த விளக்கும் மறைக்கவில்லை. 1.6 லட்சம் ஆண்டு பயணம் செய்து, ஒளிக்கு முன்பே, பிப்ரவரி 23, நம் நேரப்படி மதியம் 1.05-க்கு வந்து சேர்ந்தன. கேலக்ஸி அப்போது தொடுவானத்துக்குக் கீழே. ஜப்பானின் கமியோகாண்டே கருவியில் சிக்கியவை வெறும் 11. அதே நொடிகளில், சதுர சென்டிமீட்டருக்கு ஆயிரம் கோடிக்கு மேல், காத்திவாக்கத்தின் மண்ணைத் துளைத்து, மதியச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தவர்களின் உடம்பு வழியாக மேலேறிப் போயின.