அறுபதைத் தாண்டினால்

மலருக்கு ஏதாவது எழுதித் தா என்று யூனியன் செயலாளர் மூன்று முறை கேட்டுவிட்டார். கவிதை எனக்கு வராது. நம் பிரிவிலிருந்து மட்டும் பதினோரு பேர் காதல் தோல்விக் கவிதை கொடுத்திருப்பதாகக் கேள்வி. அதனால் நான் ஒரு ரப்பர் ஹோஸைப் பற்றி எழுதுகிறேன். சிரிக்காமல் படியுங்கள் நண்பர்களே, இதில் என் அப்பாவின் கை வெந்த கதையும் இருக்கிறது.

என் அப்பா டிரைவர். ராசிபுரம் பக்கம் ஒரு ஜவ்வரிசி ஆலை முதலாளி வீட்டில் 22 வருடமாக ஒரே காரை ஓட்டிக்கொண்டிருக்கிறார். 1991-ஆம் வருட அம்பாசிடர், 1489 சி.சி. பெட்ரோல் இன்ஜின். முதலாளியின் தகப்பனார் வாங்கிய வண்டி என்பதால் விற்க மனம் வராமல் வைத்திருக்கிறார்கள். அம்பாசிடர் தயாரிப்பே 2014-இல் நின்றுபோய்விட்டது. முதலாளியின் மகன் புதுக் கார் வாங்கிவிட்டார், அதை அவரே ஓட்டிக்கொள்வார். ஆக, அந்த அம்பாசிடர் ஓடுகிற வரைக்கும்தான் அப்பாவுக்கு வேலை. என் செமஸ்டர் ஃபீஸ், அக்கா பிரசவச் செலவு, வீட்டு வாடகை எல்லாம் அந்த நான்கு சக்கரத்தின் மேல்தான் ஓடுகின்றன.

அப்பா மூன்றாவது வரை படித்தவர். அம்மாவுக்குக் கையெழுத்து மட்டும் தெரியும். எங்கள் வீட்டில் பத்தாவதைத் தாண்டிய முதல் ஆள் நான்தான். டிப்ளமோவில் சேர்ந்த நாளிலிருந்து அப்பா டீக்கடையில் யாரைப் பார்த்தாலும், "பையன் இன்ஜினுக்குப் படிக்கிறானுங்க" என்று சொல்லி வைத்துவிட்டார். அதைக் கேட்டுக் கேட்டு எனக்கும் கொஞ்சம் தலைக்கேறிவிட்டது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

போன வருடம் மே மாத லீவில் வண்டி ஹீட் அடிக்க ஆரம்பித்தது. வாரம் ஒரு தடவை ரேடியேட்டரில் தண்ணீர் குறையும். ஒரு ஞாயிற்றுக்கிழமை அப்பா என்னிடம் வந்து, வெற்றிலை போட்டுக்கொண்டே சொன்னார்:

"கண்ணு, நின்னா ஒண்ணும் பண்றதில்ல. டவுனுக்குள்ள எத்தன நேரம் உருட்டுனாலும் ஒண்ணும் பண்றதில்ல. ஐ ரோட்டுல ஏறி அறுவதத் தாண்டுனா மட்டும் முள்ளு ஏறுது. மறுபடி நாப்பதுல வந்தா எறங்கிக்குது. அது என்னன்னு பாரு."

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "வேகமா போனா இன்ஜின் சூடாகத்தானேப்பா செய்யும்" என்றேன். அந்த வாக்கியத்தை இன்றைக்கு நினைத்தாலும் கூச்சமாக இருக்கிறது.

பானெட்டைத் திறந்து பார்த்தேன். மேல் ஹோஸில், தெர்மாஸ்டாட் வீட்டுப் பக்கம், கிளிப்பை ஒட்டி ஒரு வெடிப்பு. சுற்றிலும் வெள்ளையாக உப்புப் படிந்திருந்தது. எங்கள் ஊர் போர்த் தண்ணீரை இத்தனை வருடம் ஊற்றினால் வேறென்ன படியும்? நோய் கண்ணுக்கு முன்னாலேயே இருக்கிறது என்று எனக்கு ஒரே சந்தோஷம். ஹோஸ் வாங்கி வந்து நானே மாட்டினேன். பழையது பைப்பில் ஒட்டிக்கொண்டு வரவில்லை என்று ஸ்க்ரூ டிரைவரை நுழைத்து நெம்பி, ரேடியேட்டர் பித்தளைக் கழுத்தைக் கொஞ்சம் நெளித்தும்விட்டேன். அதை யாரிடமும் சொல்லவில்லை. புது ஹோஸ் போட்டு, கிளிப்பை முடுக்கி, தண்ணீர் ஊற்றி, வாசலிலேயே அரை மணி நேரம் ஐட்லிங்கில் ஓட்டிக் காட்டினேன். முள் பாதிக்கு மேல் அசையவில்லை.

"இனிமே கொதிக்கவே கொதிக்காதுப்பா, தைரியமா எடுத்துட்டுப் போங்க" என்றேன்.

மறுநாள் காலை முதலாளியையும் அவர் மனைவியையும் சேலத்துக்குக் கண் பரிசோதனைக்குக் கூட்டிப் போனார் அப்பா. டாக்டரிடம் பத்து மணிக்கு வரச் சொல்லியிருந்தார்களாம், அதனால் கொஞ்சம் வேகம். மல்லூர் தாண்டுவதற்குள் முள் சிவப்புக்குப் போய் பானெட்டிலிருந்து ஆவி வந்துவிட்டது. ஓரம் கட்டினார். வெயிலில் வயசான அம்மா உள்ளே உட்கார்ந்திருக்கிறார்கள், முதலாளி கடிகாரத்தைப் பார்க்கிறார். 22 வருட டிரைவர், சூடான ரேடியேட்டர் மூடியைத் தொடக்கூடாது என்று அவருக்குத் தெரியாதா? ஆனால் பையன்தான் கொதிக்காது என்று சொல்லியிருக்கிறானே, தண்ணீர்தான் எங்கோ குறைந்திருக்கும், ஊற்றிக்கொண்டு கிளம்பலாம் என்று நினைத்திருக்கிறார். ஈரத் துணியைப் போட்டு மூடியைத் திருகினார். வலது முன்கை முழுக்க வெந்துவிட்டது.

இதைக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன், எல்லோருக்கும் உதவும். மூடி 7 பவுண்டு அழுத்தம் பிடித்து வைக்கும் என்றால், உள்ளே தண்ணீர் 110 டிகிரி வரைக்கும் கொதிக்காமல் இருக்கும். மூடியைத் திறந்த அந்த நொடியில் அழுத்தம் போய்விடுவதால் நூறுக்கு மேல் உள்ள சூடு அத்தனையும் ஒரே அடியாக ஆவியாகிப் பீய்ச்சும். தெர்மல் பாடத்தில் அழுத்தம் கூடினால் கொதிநிலை கூடும் என்று நாம் எழுதுகிறோமே, அது இதுதான். நான் அதை எழுதி மார்க்கும் வாங்கியிருக்கிறேன்.

அப்பா கையில் கட்டோடு வீட்டுக்கு வந்து என்னை ஒரு வார்த்தையும் திட்டவில்லை. அம்மாதான் திட்டினாள், அவரை. சாயங்காலம் ஒர்க்‌ஷாப்பிலிருந்து, ஹெட் கேஸ்கட் போயிருக்கலாம், இறக்கிப் பார்த்தால்தான் தெரியும், எப்படியும் 20,000 ஆகும் என்று சொல்லியனுப்பினார்கள். முதலாளி, "இனி இதுக்குச் செலவு பண்றதுல அர்த்தமில்லப்பா, யாராச்சும் கேட்டா குடுத்தறலாம்" என்றாராம். அப்பா அதைச் சொல்லிவிட்டு இடது கையால் சோறு பிசைந்து சாப்பிட முயன்றார். நான் எழுந்து வெளியே போய்விட்டேன்.

லீவு நாள்தான், ஆனாலும் மறுநாள் கல்லூரிக்குப் போனேன். ஆட்டோமொபைல் லேப் சார் அட்மிஷன் வேலையாக வந்திருந்தார். வெடிப்பு, புது ஹோஸ், ஒர்க்‌ஷாப்காரர் சொன்னது எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் ஒரே கேள்விதான் கேட்டார்:

"எப்ப ஹீட் ஆகுது?"

அப்பா சொன்னதை அப்படியே சொன்னேன். நின்றால் இல்லை, நாற்பதில் இல்லை, அறுபதைத் தாண்டினால் மட்டும்.

சார் சிரித்துவிட்டார். "உங்கப்பாவே கண்டுபிடிச்சுச் சொல்லியிருக்காரே. நீ எதுக்குடா என்கிட்ட வந்தே?"

பிறகு ஒரு சாக்பீஸை எடுத்துத் தரையிலேயே வரைந்தார். வண்டி நிற்கும்போதும் ஊர்ந்து போகும்போதும் ஹீட் ஆனால் முதலில் காற்றைச் சந்தேகப்படு: ஃபேன், பெல்ட், ரேடியேட்டர் முன்னால் அடைத்திருக்கும் தூசி. வேகமாகப் போனால் எதிர்காற்று தானாகவே நிறைய வரும், ரேடியேட்டர் இன்னும் நன்றாகக் குளிர வேண்டும். அப்போது போய் ஹீட் ஆகிறது என்றால் தண்ணீர் ஓட்டத்தைச் சந்தேகப்படு. ஒன்று ரேடியேட்டர் உள்ளே அடைத்திருக்கும், இல்லையென்றால் கீழ் ஹோஸ்.

கீழ் ஹோஸ்! ரேடியேட்டர் அடியிலிருந்து வாட்டர் பம்புக்குப் போவது. மேல் ஹோஸில் தண்ணீர் தள்ளப்படுகிறது, கீழ் ஹோஸில் உறிஞ்சப்படுகிறது. இன்ஜின் வேகம் கூடக் கூட பம்ப் வேகமாக உறிஞ்சும். ரப்பர் தொளதொளவென்று ஆகிவிட்டிருந்தால் குழாய் அப்படியே சப்பிக்கொள்ளும். ஜூஸ் கடையில் ஸ்ட்ராவை நுனியில் அழுத்திப் பிடித்து உறிஞ்சிப் பார்த்திருக்கிறீர்களா, அதேதான். வண்டியை நிறுத்தி ஐட்லிங்கில் விட்டால் ஹோஸ் பழையபடி உருண்டையாகிவிடும், பார்க்கிறவனுக்கு ஒன்றும் தெரியாது. அப்படிச் சப்பாமல் இருக்கத்தான் சில வண்டிகளில் கீழ் ஹோஸுக்குள் ஒரு கம்பிச் சுருள் வைத்திருப்பார்கள்.

எனக்கு என் பரீட்சைப் பேப்பர் ஞாபகம் வந்தது. கூலிங் சிஸ்டம் படம், பத்து மார்க். ரேடியேட்டர், பம்ப், ஃபேன், தெர்மாஸ்டாட் எல்லாவற்றுக்கும் அம்புக்குறி போட்டுப் பெயர் எழுதினேன். ஹோஸ் என்பது மேலே இரண்டு கோடு, கீழே இரண்டு கோடு. அதற்குப் பெயர்கூட எழுதவில்லை. எட்டு மார்க் வந்தது.

அன்று சாயங்காலமே முதலாளி வீட்டு ஷெட்டில், அப்பா கட்டுப் போட்ட கையோடு டார்ச் பிடிக்க, பார்த்தோம். இன்ஜின் ஆறியிருந்தபோதே கீழ் ஹோஸை விரலால் அமுக்கினேன். ஊறிப்போன ரொட்டி மாதிரி அமுங்கியது, உள்ளே கம்பி இருப்பதாகவே தெரியவில்லை. அப்புறம் ஸ்டார்ட் பண்ணச் சொல்லி, சூடேறியதும் கார்புரேட்டர் பக்கம் கையால் ஆக்சிலேட்டரைக் கொடுத்தேன். ஃபேன் பக்கம் போகாமல் ஓரமாக நின்றுதான் பார்க்க வேண்டும், சட்டை நுனியைக்கூட நம்பக்கூடாது. இன்ஜின் சத்தம் ஏறியது. நாங்கள் இரண்டு பேரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அந்த ஹோஸ் மெதுவாக ஒட்டி, பட்டை அடித்தது. கையை விட்டேன், உருண்டையாகிவிட்டது. மறுபடி கொடுத்தேன், மறுபடி பட்டை.

"அட கெரகமே, இது மூச்சுத் திணறுதுடா" என்றார் அப்பா. எந்தப் புத்தகமும் இதைவிட நன்றாகச் சொல்லவில்லை.

மறுநாள் சேலம் போய் பழைய ஸ்பேர் கடைகளில் அலைந்தேன். முதல் கடையில் சுருள் கேட்டதற்கு, "அதெல்லாம் யாரும் கேக்கறதில்ல தம்பி, ஹோஸ் மட்டும் எடுத்துட்டுப் போ" என்றார்கள். நாலாவது கடையில் ஒரு பெரியவர் அட்டைப் பெட்டியைக் கிளறி எடுத்துக் கொடுத்தார். மூடியின் ரப்பரும் செத்துப்போயிருந்ததால் அதையும் வாங்கினேன். மூடி அழுத்தம் பிடிக்காவிட்டாலும் கீழ் ஹோஸ் சீக்கிரம் சப்பும் என்று சார் சொல்லியிருந்தார். ஹோஸ், சுருள், இரண்டு கிளிப், மூடி, கூலன்ட், டிஸ்டில்டு வாட்டர் எல்லாம் சேர்த்து 1,340 ரூபாய். என் பஸ் பாஸ் பணமும் அதில் அடக்கம்.

இந்தத் தடவை நெம்பவில்லை. தண்ணீரை வடித்துவிட்டு, பழைய ஹோஸை பிளேடால் நீளவாக்கில் கீறி, வாழைப்பட்டை உரிப்பது போல உரித்து எடுத்தேன். உள்ளே கம்பிச் சுருள் என்று ஒன்று இருந்ததற்கு அடையாளமாகத் துருப் பொடிதான் கையில் வந்தது. ரப்பரின் வெளிப்பக்கம் பளபளப்பு, உள்பக்கம் பாளம் பாளமாக வெடிப்பு. ஹோஸ் பெரும்பாலும் உள்ளிருந்துதான் கெடும் நண்பர்களே, வெளியே பார்த்து ஏமாறாதீர்கள். ஆறிய இன்ஜினில் கிளிப்புக்கு ஓர் அங்குலம் தள்ளி அமுக்கிப் பாருங்கள். நொறுநொறுவென்று விறைத்திருந்தாலும் கெட்டது, தொளதொளத்திருந்தாலும் கெட்டது. ஆயில் பட்டு உப்பியிருந்தால் பேசவே வேண்டாம்.

பைப் கழுத்தை உப்புத்தாள் போட்டுத் தேய்த்து, ஹோஸ் ஏறுவதற்குச் சோப்புத் தண்ணீர் தடவினேன். கிரீஸ் தடவக்கூடாது, ரப்பருக்கு ஆகாது. கழுத்தில் மேடாக ஒரு விளிம்பு இருக்குமே, கிளிப் அதற்கு உள்பக்கம் உட்கார வேண்டும். நான் முதலில் மாட்டிய மேல் ஹோஸில் கிளிப் விளிம்பு மேலேயே இருந்தது. அதையும் கழற்றிச் சரியாக மாட்டினேன். நெளிந்த கழுத்தை அப்பா விரலால் தடவிப் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. நானே சொல்லிவிட்டேன்.

கூலன்டும் டிஸ்டில்டு வாட்டரும் பாதிக்குப் பாதி. மூடி போடாமல் ஓடவிட்டு, காற்றுக் குமிழ் அடங்கி மட்டம் இறங்க இறங்க ஊற்றினேன். ஒரு தடவை சூடாகி ஆறிய பிறகு கிளிப்புகளை இன்னொரு கால் சுற்று முடுக்க வேண்டியிருந்தது. இடையில் இன்னொன்றும் கண்டேன்: தெர்மாஸ்டாட் வீட்டுக்குள் தெர்மாஸ்டாட்டே இல்லை. எந்தக் காலத்திலோ ஒரு மெக்கானிக், நம் ஊர் வெயிலுக்கு இது எதற்கு என்று கழற்றி எறிந்திருக்கிறார். அது தப்பு என்று நான் சொன்னேன், அப்பா அதுதான் சரி என்றார். அந்தச் சண்டையை வேறொரு நாளைக்கு வைத்துக்கொண்டோம்.

கை ஆறுவதற்கு மூன்று வாரம் ஆயிற்று. இப்போதும் அந்த இடத்தில் தோல் வேறு நிறம்தான். முதலாளி வண்டியை விற்கிற பேச்சை நிறுத்தியிருக்கிறார். பதினைந்து வருடம் முடிந்த பிறகு ஐந்து வருடத்துக்கு ஒரு தடவை ரிஜிஸ்ட்ரேஷன் புதுப்பிக்க வேண்டும். அடுத்த தடவை புதுப்பிப்பாரா என்று அப்பாவும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

முதல் நாள் வண்டி எடுத்துப் போனபோது நான் வீட்டில் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பதினொரு மணிக்குச் சேலத்திலிருந்து கூப்பிட்டார்.

"எழுவதுல வந்தேன் கண்ணு. முள்ளு அசையல."

நான் ஒன்றும் பேசவில்லை. அவரும் கொஞ்ச நேரம் பேசவில்லை. பின்னால் லாரி ஹாரன் சத்தம் கேட்டது.

"அந்தத் தெர்மாஸ்டாட்டு என்னமோ சொன்னயே," என்றார். "அது என்ன வெலை வரும்?"