யாருடைய மெட்டு?

'போர்ட்ரெய்ட் இன் ஜாஸ்' இசைத்தட்டின் கடைசி உருப்படி 'ப்ளூ இன் கிரீன்'. இயற்றியவர்கள் என்று அதற்கு இரண்டு பெயர்கள்: மைல்ஸ் டேவிஸ், பில் எவன்ஸ். இதே மெட்டு 1959 ஆகஸ்டில் டேவிஸின் 'கைண்ட் ஆஃப் ப்ளூ' ஆல்பத்தில் வந்தபோது டேவிஸின் பெயர் மட்டுமே இருந்தது. அதிலும் பியானோ வாசித்தவர் எவன்ஸ்தான்.

டேவிஸின் குழுவை விட்டு வெளியேறிய எவன்ஸ், 1959 டிசம்பர் 28 அன்று தன் சொந்தக் குழுவுடன் நியூயார்க்கில் ஒலிப்பதிவுக்கு வந்தார். அவருக்கு வயது 30. பாஸ் வாசித்த ஸ்காட் லஃபாரோவுக்கு 23. டிரம்ஸ், பால் மோஷியன். ஒரே நாளில் ஒன்பது உருப்படிகள். அடுத்த ஆண்டு ரிவர்சைட் நிறுவனம் அதை வெளியிட்டது.

ஒன்பதில் ஏழு பிறர் பாட்டு. மேடை நாடகத்திலோ சினிமாவிலோ பிறந்து, ஊருக்கெல்லாம் பழகிவிட்ட இத்தகைய பாடல்களை ஜாஸ் உலகில் 'ஸ்டாண்டர்ட்' என்பார்கள். மெட்டை ஒருமுறை வாசித்துவிட்டு, அதன் அடியில் ஓடும் ஸ்வரக் கூட்டுகளை மட்டும் பிடித்துக்கொண்டு கலைஞர் தன் கற்பனையில் இறங்குவார். டிஸ்னியின் 1937ஆம் ஆண்டு 'ஸ்னோ ஒயிட்' படத்தில் வந்த பாட்டுகூட இந்த ஆல்பத்தில் உண்டு. 'ஆட்டம் லீவ்ஸ்' பிரான்சிலிருந்து வந்தது. மெட்டு, ஹங்கேரியில் பிறந்த ஜோசப் கோஸ்மாவுடையது.

எவன்ஸ் குழு அந்த மெட்டை வாசித்து முடித்ததும் எதிர்பாராத ஒன்று நடக்கிறது. தாளத்தைத் தாங்கிக்கொண்டு பின்னால் நிற்க வேண்டிய பாஸ் குறுக்கிட்டுப் பேசுகிறது. பியானோ பதில் சொல்கிறது. சில இடங்களில் விட்டுக்கொடுத்து மௌனமாகிறது. மோஷியனும் தாளத்தை எண்ணிக் காட்டாமல் பேச்சில் சேர்ந்துகொள்கிறார். பக்கவாத்தியம் என்ற சொல்லுக்கே இங்கே வேலையில்லை.

ஆனால் சட்டத்தின் கணக்கு வேறு. இயற்றியவருக்கான ராயல்டி மெட்டுப் போட்டவருக்குப் போகும். அந்த மெட்டின் மேல் மூவரும் அந்த நேரத்தில் கட்டியதற்கு அதில் பங்கில்லை. இந்த விதியை எவன்ஸ் அறிவார். தன்னுடையது என்று அவர் நம்பிய மெட்டிலும் அதே கணக்கு நடந்ததுதான் உறுத்தல். பங்கு கேட்டபோது டேவிஸ் 25 டாலருக்குச் செக் எழுதிக் கொடுத்தார் என்றொரு பேச்சு இசை வட்டாரத்தில் உண்டு. 1978ல் பதிவான வானொலிப் பேட்டி ஒன்றில், அதை எழுதியது தான்தான் என்றார் எவன்ஸ். அதைப் பெரிய வழக்காக்க விருப்பமில்லை என்றும் சொன்னார். 1989ல் வந்த சுயசரிதையில் டேவிஸ் அதை மறுத்தார். அதற்கு முன்பே, 1980ல், எவன்ஸ் இறந்துவிட்டார். 'கைண்ட் ஆஃப் ப்ளூ' அமெரிக்காவில் மட்டும் 50 லட்சம் பிரதிகளைத் தாண்டியது.

எவன்ஸுக்கு இதைவிடப் பெரிய இழப்பு முன்பே நேர்ந்திருந்தது. 1961 ஜூலை 6 அன்று லஃபாரோ கார் விபத்தில் இறந்தார். வயது 25. எவன்ஸ் பல மாதங்கள் மேடை ஏறவில்லை. பிறகு வேறு பாஸ் கலைஞர்களுடன் 'ஆட்டம் லீவ்ஸ்' வாசித்தார். கோஸ்மாவின் மெட்டு அப்படியே இருந்தது. 1959ல் அதன்மேல் நடந்த உரையாடலுக்கு மட்டும் மறுபடி ஆள் கிடைக்கவில்லை. அது இசைத்தட்டில் இருக்கிறது, இயற்றியவர் பெயர் இல்லாமல்.