ஆறாவது சேவ்

கம்பஸ் லீவு விட்டதும் நானும் தம்பியும் வீட்டுக் கொம்பியூட்டரைத் துப்புரவாக்க இருந்தோம். டி டிரைவில் முந்நூறுக்கு மேல கேம். ‘நியூ ஃபோல்டர்’, ‘கேம்ஸ் எல்லாம்’, ‘கேம்ஸ் எல்லாம் புதுசு’. வைஸ் சிட்டி மட்டும் மூன்று இடத்தில் கிடந்தது. எபிக் கிழமைக்குக் கிழமை சும்மா குடுக்கிறதையும் விடாமல் எடுத்து வைச்சிருந்தோம், பாதியைத் திறந்தும் பார்த்ததில்லை. பிளேநைட் எண்ட இலவச மென்பொருளைப் போட்டு, ஸ்டீம், எபிக், பழைய டிவிடியில் இருந்து கொப்பி பண்ணினது எல்லாத்தையும் ஒரே பட்டியலாக்கினோம். அட்டைப்படங்களோட பார்க்க நல்ல வடிவு.

அந்தப் புழுகத்தில விண்டோஸையும் புதுசா அடிப்பம் எண்டு சி டிரைவை ஃபோர்மட் பண்ணினோம். கேம் எல்லாம் டியிலதானே!

பிறகுதான் சான் அன்ட்ரியாஸைத் திறந்தோம். எட்டு சேவ் இடமும் வெறுமை. 2005இல் கொம்பியூட்டருக்கு வந்த அந்த கேம் சேவ்களைத் தன்ர ஃபோல்டருக்குள்ள வைக்கிறேல்லை, டொக்கியுமென்ட்ஸுக்குள்ள வைக்கும். எங்கட டொக்கியுமென்ட்ஸ் சியில. ஆறாவது சேவ் அண்ணாவின்ரது. கனடாவுக்குப் போற முதல்நாள் இரவும் இருந்து விளையாடி, “இதுக்கு மேல ஒருத்தரும் சேவ் பண்ணக்கூடாது” எண்டு சொல்லிப்போட்டுப் போனவர். நாங்களும் இவ்வளவு காலம் மிச்ச ஏழுக்குள்ளதான் சண்டை பிடிச்சுக்கொண்டிருந்தோம்.

இரவு அண்ணா வீடியோ கோல் எடுத்தவர். தம்பி பட்டியலைக் காட்டினான்.

“சோக்கா இருக்கடா. என்ர சான் அன்ட்ரியாஸ் கிடக்கோ?”

“கிடக்கு அண்ணா” எண்டோம். அட்டைப்படம் கிடந்ததுதான்.