மஞ்சள் பறவைக்குள் இருந்தவர்

‘செசமி ஸ்ட்ரீட்’ பிக் பேர்டை அடுத்த முறை பார்க்கும்போது அதன் வலது இறக்கையைக் கவனியுங்கள். பெரும்பாலும் சும்மா தொங்கும். இடது இறக்கை மேலே போனால் இது கொஞ்சம் கீழே இறங்கும், அவ்வளவுதான். ஏனென்றால் உள்ளே இருப்பவரின் வலது கை அங்கே இல்லை. தலைக்கு மேல் நீட்டி, பறவையின் தலையைத் தாங்கிக்கொண்டிருக்கிறது. சுண்டுவிரல் இமைகளை அசைக்கிறது, மற்ற விரல்கள் அலகை. இடது கையிலிருந்து கழுத்து வழியாகப் போகும் ஒரு தூண்டில் நரம்புதான் வலது இறக்கையை ஆட்டுகிறது. வெளியே எதுவும் தெரியாது. மார்பில் கட்டிய குட்டி டிவியில், கேமரா பார்ப்பதைப் பார்த்துத்தான் எட்டடி இரண்டு அங்குலப் பறவை நடக்கிறது.

கேரல் ஸ்பின்னி இதை 1969இல் ஆரம்பித்தபோது அவருக்கு முப்பத்தைந்து வயது. (என் வயசு. நான் ஸ்பிரிண்ட் பிளானிங்கில் உட்கார்ந்திருக்கிறேன்.) அந்த வருடம் சால்ட் லேக் சிட்டியில் நடந்த பொம்மலாட்ட விழாவில் அவர் நிகழ்ச்சி சொதப்பிவிட்டது. பின்னணியில் ஓட வேண்டிய படத்தின் மேல் விளக்கு வெளிச்சம் விழுந்து எதுவுமே தெரியவில்லை. டெமோ அன்னைக்கு சர்வர் படுத்தால் எப்படி இருக்கும் என்று நமக்குத் தெரியும். ஆனால் பார்வையாளர்களில் ஜிம் ஹென்சன் இருந்தார். என்ன செய்ய முயன்றார் என்பது அவருக்குப் புரிந்திருந்தது. வேலை கொடுத்தார்.

முதலில் பிக் பேர்ட் ஒரு அசட்டு நாட்டுப்புறத்தான். இவனைக் குழந்தையாக்கினால் என்ன என்று கேட்டது ஸ்பின்னிதான். அந்த ஒரு மாற்றத்தால்தான் பதினான்கு வருடம் கழித்து அந்த எபிசோட் சாத்தியமானது.

கடைக்காரர் மிஸ்டர் ஹூப்பராக நடித்த வில் லீ 1982 டிசம்பரில் இறந்துபோனார். வேறு நடிகரைப் போடலாம், ஊருக்குப் போய்விட்டார் என்று கதை கட்டலாம். இறந்துவிட்டார் என்றே சொல்வது என்று முடிவெடுத்தார்கள். 1983 நவம்பர் 24 அன்று ஒளிபரப்பானது. பிக் பேர்ட் எல்லோரையும் படம் வரைந்து கொண்டுவருகிறது. ஹூப்பருக்கான படத்தைக் கையில் வைத்துக்கொண்டு அவரைத் தேடுகிறது. அந்தப் படங்களை நிஜமாகவே வரைந்தவர் ஸ்பின்னி.

என் அப்பா இறந்து இரண்டு மாதம் ஆனபோது இதை மகளோடு பார்த்தேன். அவளுக்கு நாலு வயசு. சொந்தக்காரர்கள் எல்லாம் “தாத்தா சாமிகிட்ட போயிட்டாரு” என்று சொல்லி வைத்திருந்தார்கள். அவளும் “எப்ப வருவாரு?” என்று தினமும் கேட்டுக்கொண்டிருந்தாள். நான் ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். ஏன் இப்படி ஆகணும் என்று பிக் பேர்ட் கேட்கிறது. கார்டன் சொல்லும் பதில், ஏறக்குறைய, ‘அப்படித்தான்’ என்பது மட்டுமே.

“அவ்ளோதானாப்பா?”

“அவ்ளோதான்டா.”

திரும்பப் போடச் சொன்னாள். மூணு தடவை பார்த்தோம். அதற்கப்புறம் எப்ப வருவாரு என்று கேட்கவில்லை; தாத்தா கண்ணாடியை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டாள்.

1990இல் ஹென்சனின் நினைவுக் கூட்டம் நியூயார்க் தேவாலயம் ஒன்றில் நடந்தது. பிக் பேர்ட் தனியாக வந்து நின்று கெர்மிட்டின் பாட்டைப் பாடியது. அந்த வீடியோவைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வலது கைதான் ஞாபகம் வரும். உள்ளே இருப்பவர் அழுதாலும் அந்தக் கையைக் கீழே இறக்க முடியாது. இறக்கினால் பறவையின் தலை விழுந்துவிடும்.

2015இல் உடம்பு நிலைகொள்ளாமல் தள்ளாட ஆரம்பித்ததும் பறவையிலிருந்து வெளியே வந்தார். 1996 முதல் அவரிடம் பயின்ற மேட் வோகல் உள்ளே போனார். எங்கள் ஆபீஸில் ‘கேடி’க்கு இரண்டு வாரம் கொடுப்பார்கள்! ஆனாலும் 2018 வரை குரல் ஸ்பின்னியுடையதுதான். உடல் ஒருவர், குரல் ஒருவர்.

2019 டிசம்பர் 8 அன்று இறந்தார். செய்தியில்தான் அவர் முகத்தை முதல் முறையாகப் பார்த்தேன். நரைத்த குறுந்தாடியோடு ஒரு வயசானவர். பக்கத்தில் பறவையின் தலை.