கொக்கோ ரொட்டியும் எம் பாட்டியாரும்

அடுக்களையைப் பற்றி எழுதுதல் தமிழ் பயிலும் மாணவர்க்குத் தகுமோ என்று ஐயுறுவார் சிலர் இருக்கலாம். நளபாகம், வீமபாகம் என்று பெயரிட்டு அடுதற்றொழிலைப் போற்றிய நாட்டில் பிறந்தோர்க்கு அவ்வையம் வேண்டுவதின்று. ஈண்டு யாம் சொல்லப் புகுவது, ரொட்டி சுடும் மின்னியந்திரம் ஒன்று காஞ்சிபுரத்தை அடுத்த முசரவாக்கத்தில் எம் இல்லம் வந்து சேர்ந்த வரலாறும், கொக்கோவும் நறுமணச் சரக்குகளும் கலந்த இனிப்பு ரொட்டி அதனுள் வெந்த வரலாறுமாம்.

இயந்திரம் என்றவுடன் பெரிதாக ஒன்றை நினைக்க வேண்டா. முறுக்கு வைக்கும் தகர டப்பாவினும் சற்றே பெரியது, அவ்வளவே. மூடியைத் திறந்தால் உள்ளே ஒரு வாளி. வாளியின் அடியில் விரல் நீளத்தில் ஒரு துடுப்பு. வாளியைச் சுற்றிச் சூடேறும் கம்பி. மாவும் பாலும் பிறவும் வாளியிலிட்டுப் பொத்தானை அழுத்திவிட்டால், துடுப்புச் சுழன்று பிசைகின்றது. பிசைந்தபின் வாளா இருந்து மாவைப் பொங்க விடுகின்றது. பொங்கியதைத் தட்டி அடக்கி மீண்டும் பொங்க விடுகின்றது. ஈற்றில் கம்பி சிவந்து அதே வாளியில் ரொட்டியைச் சுட்டு முடிக்கின்றது. ஏறக்குறைய மூன்றரை மணி நேரத்து வேலை. இடையில் ஒரு முறை ‘பீப்’ என ஒலித்து, உலர்ந்த திராட்சையோ சாக்கலேட் துண்டோ இடுதற்குரிய சமயம் இதுவென்று அறிவிக்கும். எம் தாய்மாமன் இதனைச் சிங்கப்பூரிலிருந்து கொணர்ந்தார். அந்நாட்டு மின்னழுத்தமும் நம் நாட்டதும் 230 வோல்ட்டே ஆதலின், செருகியின் கால்களுக்கேற்ற இணைப்பொன்று வாங்கியதோடு அத்தொல்லை தீர்ந்தது. அவர் அதனை எவர் பொருட்டுக் கொணர்ந்தார் என்பதே சொல்லத்தக்கது.

எம் தாயைப் பெற்ற பாட்டியார் இருபத்தாறு ஆண்டுகள் ஒரு பெண்கள் விடுதியின் அடுக்களையில் பணி புரிந்தவர். கிறிஸ்து பிறப்புத் திருநாளுக்கு முன்னிரவில் அவர் விடுதிப் பிள்ளைகளுக்குச் சுட்டளித்த கொக்கோ ரொட்டியை, இன்று பேரன் பேத்தி கண்ட மாதர் சிலர் எம் வீடு தேடிவந்து நினைவுகூரக் கேட்டிருக்கின்றோம். ஊர் திரும்பிய பின்னும் அவர் அதனை விட்டாரல்லர். மணல் பரப்பிய அண்டாவினுள் தகரத் தட்டை இறக்கி, மூடியின் மேலும் தணல் பெய்து சுடுவார். மாவைப் பிசையும்போது அவர் வாய் பேசாது. கை மட்டுமே இயங்கும். அளவு யாதென்று வினவினால், “கை சொல்லும்” என்பார்.

மூன்றாண்டுகட்கு முன் அவரைப் பக்கவாதம் பற்றியது. உயிர் மீண்டது, வலக்கை மீளவில்லை. பேச்சும் குழறிற்று. குழறும் பேச்சைப் பிறர் கேட்கக் கூசி, நாளொன்றுக்குப் பத்துச் சொல்லுக்குமேல் பேசுவதையும் விட்டார். எழுதிவைத்த குறிப்பு ஒன்றும் இல்லை. எம் அன்னையார்க்கு அந்த ரொட்டி செய்யத் தெரியாது. பணியிடத்திலேயே பாட்டியாரின் காலம் கழிந்தமையால் கற்றுக்கொள்ள வாய்த்ததுமில்லை. அளவையெல்லாம் அறிந்த கை மடியின்மேல் அசைவற்றுக் கிடந்தது. அந்த ரொட்டி எம் குடியில் முடிந்துபோயிற்று என்றே யாவரும் எண்ணினர். பாட்டியாரும் அவ்வாறே எண்ணிச் சுவரை நோக்கிப் படுத்திருந்ததுதான் எமக்குப் பொறுக்கலாற்றாததாயிற்று. மாமன் இயந்திரத்தை அவர் கட்டிலருகே இறக்கி, “அம்மா, இனிக் கை வேண்டா, இது பிசையும்” என்றார். பாட்டியார் இடக்கையால் அதன் மூடியைத் தட்டிப் பார்த்து, “இதுக்கு மூக்கு இருக்கா?” என்று கேட்டார். அன்று அவர் பேசியது அதுவே.

நிற்க. ரொட்டி என்னும் சொல் வடக்கிலிருந்து வந்தது. ஈழத்தமிழர் இதனைப் பாண் என்பர். அது போர்த்துக்கீசியச் சொல்லின் திரிபு. தமிழில் விவிலியம் தந்தோர் அப்பம் என்னும் பழஞ்சொல்லையே எடுத்தாண்டனர். இளமையில் ஐந்து அப்பங்களின் கதையைக் கேட்டபோதெல்லாம், ஓரம் முறுகி நடுத் தடித்த வெள்ளையப்பமே எம் கண்முன் நின்றது. அதனாற் கதைக்குக் குறைவொன்றும் நேர்ந்ததில்லை. பாட்டியாரோ இவற்றை விடுத்துக் ‘கேக்கு ரொட்டி’ என்றே வழங்குவார். இலக்கணம் வல்லார் முகஞ்சுளிப்பினும் அப்பெயரே பொருந்துவதென்பது எம் கருத்து. கேக்கைப் போல இனிப்பும் மணமும் உண்டு; ஆயின் பொங்குவது சோடாவாலன்று, ஈஸ்ட் என்னும் நுண்ணுயிராலாம். தமக்குத் தொழில் கற்பித்த முதியவர், தம் காலத்தில் கள் விட்டே மாவைப் பொங்கவைத்ததாகச் சொல்லுவார் என்பதும் பாட்டியார் வாய்மொழி.

கொக்கோ அயல்நாட்டுப் பொருளாயிற்றே, அதற்கும் காஞ்சிக்கும் என்ன உறவு என்று எம் உறவினர் ஒருவர் வினவினார். அவர் அவ்வினாவை எழுப்பியது மிளகாய்க் குழம்பு உண்டுகொண்டே. மிளகாயும் கொக்கோவும் அமெரிக்கக் கண்டத்தில் தோன்றியவை; மெக்சிக்கோ நாட்டு அஸ்டெக் மக்கள் கொக்கோவில் மிளகாய் கூட்டியே பருகினர். இரண்டனுள் ஒன்று நம் உலையேறித் தமிழாயிற்று. மற்றொன்று இன்னும் விருந்தாளியாய் வாயிலில் நிற்கின்றது. இந்திய மண்ணில் கொக்கோவை முதன்முதல் நட்டதும் தமிழகத்திலேதான். 1798-ஆம் ஆண்டில் கிழக்கிந்தியக் கம்பெனியார் அதனைக் குற்றாலத்தில் நட்டனர். இன்று பொள்ளாச்சிப் பக்கத்துத் தென்னந்தோப்புகளில் அஃது ஊடுபயிராய் விளைகின்றது.

இனி, மேனாட்டுப் பண்டம் இந்நாட்டுக் கைக்கு வசமாதற்குத் தலைச்சேரியினும் சிறந்த சான்று யாம் அறியோம். பர்மாவில் பிஸ்கோத்துத் தொழில் கற்றுத் திரும்பிய மம்பள்ளி பாபு என்பார் 1880-இல் அவ்வூரில் பிஸ்கோத்துச் சாலையொன்று நிறுவினார். 1883-இல், அஞ்சரக்கண்டிப் பட்டைத் தோட்டத்துக்குரிய மர்டாக் பிரௌன் என்னும் துரை, சீமையிலிருந்து கொணர்ந்த கிறிஸ்துமஸ் கேக்கொன்றைச் சுவைபார்க்கக் கொடுத்து, கொக்கோ, பேரீச்சை, திராட்சை முதலியனவும் நல்கி, இதுபோற் செய்ய இயலுமோ என்றாராம். பிரெஞ்சுப் பிராந்தி கூட்டுக என்று துரை சொல்ல, பாபு அதனை விடுத்து, முந்திரிப் பழமும் கதலியும் கொண்டு ஊரில் வடித்த சாற்றைக் கூட்டினார் என்பர். துரை உண்டு மகிழ்ந்து மேலும் ஒரு டசன் செய்யப் பணித்தார். சொன்னபடி செய்யாமையே ஈண்டுச் சிறப்பாயிற்று!

எம் கதைக்கு மீள்வோம். சென்ற கோடை விடுமுறையில் அன்னையாரும் யாமும் இயந்திரத்தோடு வந்த கையேட்டின்படி முதல் ரொட்டியை இட்டோம். மாவு மூடியைத் தொடுமளவு பொங்கிற்று. சூடேறியதும் நடுவே குழிந்து, குளம்போல் ஆயிற்று. இரண்டாவதும் அவ்வாறே. குளிர்நாட்டு அடுக்களையை எண்ணிக் குறிக்கப்பட்ட நேரக்கணக்கு அது. எம் அடுக்களையிலோ வைகாசி வெயில் 39 பாகையில் நின்றது. அவ்வெப்பத்தில் ஈஸ்ட் பெருவேகங்கொண்டு மாவை ஊதிவிட, சுடும் வேளை வருமுன்னரே மாவின் பசை தளர்ந்துவிடுகின்றது. மூன்றாம் முறை சரக்குகளை மிகுத்தோம். அப்போது மாவு எழவேயில்லை.

இதன் காரணத்தை வேதியியல் பயிலும் நண்பர் ஒருவர் விளக்கினார். இனிப்பும் கொக்கோவும் சரக்கும் மூன்றும் ரொட்டிக்குப் பகை. சர்க்கரை மிகின் அது நீரைத் தன்பால் ஈர்த்து ஈஸ்ட்டை வாட்டும். கொக்கோத் தூள் நீரை உறிஞ்சுவதன்றி மாவின் பசையிழைகளையும் அறுக்கும். பட்டையிலும் கிராம்பிலும் உள்ள எண்ணெய்களோ நுண்ணுயிரைக் கொல்வன. ஊறுகாய்க்கும் பல்வலிக்கும் அவை உதவுவது அதனாலன்றோ? கெடாது காக்கும் பொருளே பொங்கவும் விடாது. ஆக, எம் பாட்டியார் இருபத்தாறு ஆண்டுகள் சுட்டது ரொட்டிகளுள் அரியதொன்று என்பது அன்றுதான் எமக்கு விளங்கிற்று.

மூன்றாம் ரொட்டி வெந்துகொண்டிருந்தபோது கட்டிலிலிருந்து குரல் எழுந்தது: “பட்டை முந்திப் போச்சு.” இயந்திரத்துக்கு இல்லாத மூக்கு அவர்க்கிருந்தது! அன்னையார் ஓடிச்சென்று, “எப்பொழுது இடுவீர்கள் அம்மா?” என்று வினவ, “ஒருக்கா பொங்கினப்புறம்” என்றார். சரக்கை வெண்ணெயிற் குழைத்து, முதற் பொங்கல் முடிந்தபின் இடுவது அவர் வழக்கமாம். ஈஸ்ட் தன் வேலையிற் பாதி முடித்தபின்னரே பகைவனை உள்ளே விடுதல். நண்பர் நூலிற் கண்டதைப் பாட்டியார் கை எந்நாளோ கண்டிருந்தது.

மறுநாள் அவரை நாற்காலியோடு அடுக்களைக்குக் கொணர்ந்தோம். பாலைத் தொட்டுப் பார்த்து, “பனிக்கட்டி போடு” என்றார். துடுப்புச் சுழலும்போது மூடியைத் திறக்கச் செய்து இடக்கை விரலை மாவில் வைத்து, “இன்னும் ஒரு கரண்டி” என்றார். பட்டைப்பொடியை அவரே இடக்கையால் அள்ளினார், மோந்தார், தலையசைத்துத் திரும்பக் கொட்டினார், மீண்டும் அள்ளினார். மனம் ஒப்பியதை யாம் தராசிலிட்டு எழுதிக்கொண்டோம். இவ்வாறு பதினொரு ரொட்டிகள்.

அந்நாட்களில் கல்லூரி நூலகத்தில் ஒரு செய்தி படித்தோம். 1980-களின் நடுவில் ஜப்பானிய மட்சுஷிடா கம்பெனியார் இவ்வகை இயந்திரம் சமைக்க முயன்று, மாவு சரியே பிசைபடாது இடர்ப்பட்டனர். அப்போது இகுகோ தனகா என்னும் பெண்மணி, ஒசாக்கா நகரத்து விடுதியொன்றின் தலைமை ரொட்டிக்காரரிடம் மாணாக்கராய் அமர்ந்து கற்றார். அவர் மாவைப் பிசைவதோடு நில்லாமல், முறுக்கி இழுப்பதைக் கண்டார். அவ்வசைவைத் தர வாளியின் உட்புறத்தில் வரம்புகள் அமைக்கப்பெற்றன. 1987-இல் இயந்திரம் கடைக்கு வந்தது. இச்செய்தியைப் பாட்டியார்க்குச் சொன்னோம். வாளிக்குள் இடக்கையை விட்டு அவ்வரம்பை நெடுநேரம் தடவிக்கொண்டிருந்தார். “அதுவும் ஒருத்தர் கைதானா?” என்றார். அதன்பின் இயந்திரத்தை ‘அது’ என்று சுட்டுவதை விடுத்துத் ‘தம்பி’ என்றழைக்கத் தொடங்கினார்.

முடிவாகக் கண்ட அளவு வருமாறு. மைதா 400 கிராம், கொக்கோத் தூள் 30, நாட்டுச் சர்க்கரை 70, வெண்ணெய் 40, முட்டை ஒன்று, குளிர்ந்த பால் 240 மில்லிலிட்டர், உப்பு 6 கிராம், உலர் ஈஸ்ட் 6 கிராம். ஒலி எழும்போது கசப்புச் சாக்கலேட் துண்டு 60 கிராம். முதற் பொங்கலின்பின், பட்டை 3 கிராம், ஏலம் ஒரு கிராம், கிராம்பு இரண்டு, சிறிது சுக்கு ஆகியவற்றைப் பொடித்து வெண்ணெயிற் குழைத்து இடவேண்டும். துடுப்பு மீண்டும் சுழல, அவை கலந்தும் கலவாமலும் வரிவரியாய்ப் பரவும். மிளகைப் பற்றி மட்டும் வழக்கு இன்னும் தீரவில்லை. பத்து மிளகு வேண்டுமென்பது பாட்டியார் கட்சி. ஐந்து போதுமென்பது அன்னையார் கட்சி. காஞ்சி வரதராசப் பெருமாள் கோயிற் குடலை இட்டலியில் மிளகும் சீரகமும் சுக்கும் இடுதலை எடுத்துக்காட்டி, புளித்த மாவுக்கு மிளகு இவ்வூர் மரபே என்று யாம் பாட்டியார் பக்கம் நின்றோம்.

அயல் வீட்டுத் தறிகாரர் ஒரு துண்டு உண்டு, செய்முறையெல்லாம் கேட்டுச் சிரித்தார். கோர்வைச் சேலை நெய்யும்போது மறுகரைக்கு நாடா வீச இன்னோர் ஆள் வேண்டும், “உங்கள் இயந்திரத்துக்கும் மறுபக்கம் ஆள் வேண்டியிருக்கிறதே!” என்றார். அயல்நாட்டுச் சரக்கு என்று முன்னர்க் குறை சொன்ன உறவினர்க்கும் அவரே விடை பகர்ந்தார்: பட்டிழை கருநாடகத்தது, சரிகை சூரத்தினது, சேலை மட்டும் காஞ்சிபுரம்!

சென்ற திருநாளுக்கு முன்னிரவில் மூன்றாம் ரொட்டி பொங்குங்கால் மின்சாரம் நின்றது. இவ்வியந்திரம் சிறிது நேரமே நினைவு வைத்திருக்கும். அதன்பின் எல்லாவற்றையும் மறந்துவிடும். அரைமணி காத்திருந்தோம். பாட்டியார் பரண்மேல் கண் வைத்தார். அண்டாவை இறக்கி மணல் பரப்பினோம். மாவை வாளியிலிருந்து கவிழ்த்துப் பலகைமேல் இட்டு அன்னையார் பிசையத் தொடங்கினார். நாற்காலியிலிருந்து இடக்கை நீண்டு அவர் மணிக்கட்டைப் பற்றி, “இழு, முறுக்கு, இழு” என்றது. தணல் பெய்து சுட்டோம். அடி சற்றே கரிந்தது. வரிகள் இயந்திரத்திற் சுட்டதினும் அழகாய் விழுந்திருந்தன. பாட்டியார் ஒரு துண்டை வாயிலிட்டு, “மிளகு பத்தலை” என்றார்.